டயலாக் லிஸ்டில் இல்லாத குரல்

1. பத்து மணி ப்ரிவ்யூ

யாங்கோனில் வெளிநாட்டுப் படம் எதையும் பொதுவில் காட்டுவதற்கு முன்னால் ஒரு கமிட்டி பார்த்து ஒப்புக்கொள்ள வேண்டும். அந்தக் கமிட்டிக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, திரையில் ஓடுகிற இங்கிலீஷை உடனுக்குடன் பர்மிய மொழியில் சொல்லும் வேலையைப் பதினோரு வருஷம் செய்தேன். அது நிரந்தர வேலை இல்லை. ஒரு கப்பல் ஏஜெண்டு ஆபீசில் நான் டைப்பிஸ்ட். கமிட்டியிலிருந்து ஆள் வந்தால் அன்றைக்கு லீவு போட்டுவிட்டுப் போவேன். வர முடியாது என்று சொல்லலாமா என்று கேட்கிற தைரியம் ஆபீசில் யாருக்கும் கிடையாது, எனக்கும் கிடையாது.

என் பெயர் சரோஜா. அடையாள அட்டையில் டோ ஸான் யீ. பெண்கள் பெயருக்கு முன்னால் டோ, ஆண்கள் பெயருக்கு முன்னால் ஊ என்பது இங்கே மரியாதை. எங்கள் ஆட்களில் பாதிப் பேருக்கு இப்படி வீட்டுக்கு ஒரு பெயர், வெளிக்கு ஒரு பெயர். அப்பா ரயில்வேயில் ஃபிட்டராக இருந்தார். யாங்கோனில் மிங்கலா தாங்ஞுன்ட் என்ற பேட்டையில், தண்டவாளத்தை ஒட்டி வீடு. வீட்டில் தமிழ், தெருவில் பர்மியம், பள்ளிக்கூடத்துச் சிஸ்டர்கள் புண்ணியத்தில் இங்கிலீஷ்.

முதல் நாள் கமிட்டித் தலைவர் என்னிடம் பேசியது இவ்வளவுதான். அவர் பெயர் ஊ ப தூன். ராணுவத்திலிருந்து வந்தவர், குரலை உயர்த்தவே மாட்டார்.

“ஸெயாமா, படத்துல இருக்கிறத மட்டும் சொல்லுங்க. உங்களுக்கு என்ன தோணுதோ அத உங்ககிட்டயே வச்சுக்கங்க.”

படித்த பெண்களை இங்கே ஸெயாமா என்பார்கள், ஆண்களை ஸெயா. மரியாதையாகத்தான் சொன்னார். எனக்கு முன்னால் இந்த வேலையைச் செய்தவர் ஒரு படத்தில் வந்த ஜோக்கைக் கொஞ்சம் அழகுபடுத்திச் சொன்னாராம். எல்லோரும் சிரித்தார்களாம். அதற்குப் பிறகு அவரைக் கூப்பிடவில்லை என்று சிலர் சொன்னார்கள். கூப்பிட்டார்கள், போனார், திரும்பி வரவில்லை என்று வேறு சிலர் சொன்னார்கள். எது உண்மை என்று நான் விசாரிக்கவில்லை. அந்த வருஷங்களில் எங்கள் தெருவில் எந்த வீட்டுக் கதவைத் தட்டினாலும் பக்கத்து நாலு வீட்டில் சாப்பாடு தொண்டையில் இறங்காது.

வேலை முறையைச் சொல்லிவிடுகிறேன். படத்தோடு ஒரு டயலாக் லிஸ்ட் வரும். எந்த ரீலில் யார் என்ன பேசுகிறார்கள் என்று டைப் அடித்த தாள்கள். முந்தின நாளே அதை வாங்கி, கடினமான வார்த்தைகளுக்குப் பென்சிலால் பர்மியம் எழுதி வைத்துக்கொள்வேன். காலை பத்து மணிக்கு ப்ரிவ்யூ. கமிட்டியில் ஐந்து பேர், ஓரத்தில் குறிப்பெடுக்கிற டோ ஞெய்ன் என்ற அம்மா, பின்னால் ப்ரொஜெக்டர் ஆபரேட்டர். நான் தலைவருக்கு இடது பக்கம். என் மேஜையில் சின்ன லைட் ஒன்று எரியும். படம் ஓடும்போது அந்த அறையில் வெளிச்சத்தில் இருக்கிற ஒரே முகம் என் முகம்தான்.

2. காசு திரும்பிப் போகிற படம்

தொண்ணூறுகளின் கடைசியில் லிண்டா என்ற பிலிப்பைன்ஸ் பெண் என்னைத் தேடி வந்தாள். ஊரிலிருந்த ஒரு வெளிநாட்டுக் கலாசாரக் கிளப்பில் நிகழ்ச்சிகளைக் கவனித்துக்கொண்டிருந்தாள். தன் நாட்டுக் குறும்படங்கள் மூன்றைக் கிளப்பில் காட்ட ஆசைப்பட்டாள். மூன்றும் பதினாறு எம்எம் ஃபிலிம். மூன்றும் பரிசோதனைப் படங்கள்.

“கதை இருக்காது சரோ. அதான் உன்னை முன்னாடியே பாக்க வந்தேன்” என்றாள்.

கதை இல்லை என்றதும் எனக்குப் பயம் பிடித்துக்கொண்டது. கதை இருந்தால் கமிட்டிக்குப் பிடித்துக்கொள்ள ஏதாவது இருக்கும். நல்லவன் ஜெயித்தான், கெட்டவன் தோற்றான் என்று குறிப்பெழுதிவிட்டுப் போய்விடுவார்கள். கதை இல்லாத படத்தில் ஒவ்வொருவரும் ஒரு கதையைத் தேடுவார்கள். கடைசியில் அதை என்னிடம்தான் கேட்பார்கள்.

முதல் படத்தில் ஃபிலிமையே ஆணியால் கீறியிருந்தார்கள். குப்பை மேட்டில் ஜனங்கள் எதையோ பொறுக்கிக்கொண்டிருப்பது கீறல்களுக்கு நடுவே மங்கலாகத் தெரிந்தது. “ரீல் கெட்டுப்போச்சா?” என்று தலைவர் கேட்டார். “வேணும்னே கீறினது, ஸெயா” என்றேன். அவர் ஆபரேட்டரைத் திரும்பிப் பார்த்தார். ஆபரேட்டர் தனக்கும் இதற்கும் சம்பந்தமில்லை என்பதுபோல இரண்டு கையையும் விரித்தார்.

இரண்டாவது படத்தில் மணிலாவின் நெரிசலான சாலை. நின்றுகொண்டிருக்கிற கார்களுக்கு நடுவே பிச்சை எடுக்கிறார்கள். ஆனால் படம் முழுக்கப் பின்னோக்கி ஓடியது. பிச்சைக்காரர்களின் கையிலிருந்து காசு எழும்பி, கார் ஜன்னல் வழியாக உள்ளே இருக்கிறவர்களின் விரலுக்குப் போனது. கால் இல்லாத ஒருவர் பின்புறமாகவே நகர்ந்து காருக்குக் காராகப் பணம் கொடுத்துக்கொண்டே போனார். கண்ணாடிகள் ஏறி மூடிக்கொண்டன.

கமிட்டியில் ஒருத்தர், “அப்ப பிச்சைக்காரங்கதான் பணக்காரங்களுக்குக் காசு குடுக்கிறாங்களா?” என்று கேட்டார்.

எனக்குத் தோன்றியதை என்னிடமே வைத்துக்கொண்டேன்.

ஊ ப தூன் மெதுவாகச் சொன்னார். “அந்த நாட்டுல இவ்வளவு பேரா கை ஏந்துறாங்க? நம்ம ஊர்ல இந்த நெலமை இல்ல.” டோ ஞெய்ன் அதையும் குறிப்பில் எழுதிக்கொண்டார். அன்று காலை அந்தக் கட்டடத்துக்கு வருகிற வழியில் என்னிடம் நாலு பேர் கை நீட்டியிருந்தார்கள். அந்த அறையில் இருந்த எல்லோரிடமும் நீட்டியிருப்பார்கள்.

3. பெண் குரல்

மூன்றாவது படம் இருபது நிமிஷத்துக்குக் கொஞ்சம் கூட. கேமரா கைகளை மட்டும் காட்டியது. நீட்டிய கைகள், ஒவ்வொன்றும் ஒரு நிமிஷம், முகமே இல்லை. பின்னால் குரல்கள். லிஸ்டில் அவர்களுடைய தகாலோக் மொழிப் பேச்சுக்கு இங்கிலீஷ் இருந்தது. ‘பசிக்கிறது’, ‘கடவுள் உங்களைப் பார்த்துக்கொள்வார்’ என்று நான் சொல்லிக்கொண்டே வந்தேன்.

பதினான்காம் நிமிஷத்தில் ஒரு வயதான கை வந்தது. லிஸ்டில் வெறுமனே ‘பெண் குரல்’ என்று மட்டும் போட்டிருந்தது. கைக்குப் பின்னால் ஒரு மஞ்சள் சுவர், சாக்கடை மூடி, கடந்து போகிற கால்கள். அப்போது குரல் வந்தது.

“எம் பேரு நாகம்மா. தண்டவாளத்து ஓரம் வீடு இருந்துச்சு, இடிச்சுட்டாக. லாரியில ஏத்திட்டுப் போயி வயக்காட்டுல எறக்கி விட்டாக. அங்கன தண்ணி இல்ல. நான் திரும்பி வந்துட்டேன். மார்க்கெட்டுக்குப் பின்னால, வெறகுக் கடை சந்துல கெடக்கேன். தமிழ் தெரிஞ்சவுக யாராச்சும் இதக் கேட்டா, கியாக்தான்ல எம்மக மீனாச்சி இருக்கா, அரிசி மில்லுக்காரு வீட்டுல சோறாக்குறா, அவகிட்டச் சொல்லுங்க. ஆத்தா சாகலன்னு சொல்லுங்க.”

பிலிப்பைன்ஸ் படத்தில் தமிழ். அதுவும் எங்கள் வட்டாரத்துத் தமிழ். மஞ்சள் சுவர் எங்கள் மார்க்கெட்டின் பின்சுவர் என்று அப்போதுதான் புரிந்தது. படம் எடுத்தவர் எப்போதோ டூரிஸ்டாக யாங்கோனுக்கு வந்து, இந்த ஒரு நிமிஷத்தை எடுத்துக்கொண்டு போய் மணிலாக் கைகளோடு ஒட்டியிருக்கிறார்.

அரசாங்கம் வீடுகளை இடித்து ஆட்களை விரட்டியதை அந்த அறையில் வாய்விட்டுச் சொன்னால் என்ன ஆகும் என்று எனக்குத் தெரியும். மேஜை லைட்டை அணைக்க முடியாது. லிஸ்டைப் பார்க்கிற மாதிரி தலையைக் குனிந்துகொண்டேன்.

“என்ன சொல்றா?” என்றார் தலைவர்.

“லிஸ்ட்ல இல்ல, ஸெயா. பெண் குரல்னு மட்டும் போட்டிருக்கு. அந்த நாட்டுல நெறைய பாஷை. இது எனக்குத் தெரியாத பாஷை.”

என் வாயிலிருந்து அது எவ்வளவு சுலபமாக வந்தது என்று எனக்கே ஆச்சரியம். அந்த அம்மாவைக் காப்பாற்றத்தான் அப்படிச் சொன்னேன் என்று பின்னாளில் சிலரிடம் சொல்லியிருக்கிறேன். அது முழு உண்மை இல்லை. அந்த நேரத்தில் நாகம்மாவின் நினைப்பே எனக்கு இல்லை. என் கணவரும், துறைமுகத்தில் அவருக்கிருந்த வேலையும், எங்கள் வீட்டுக் கதவும்தான் கண்ணுக்கு முன்னால் நின்றன.

4. ஒரு வார்த்தை

வெளியே வந்து பஸ்ஸுக்கு நின்றேன். பக்கத்தில் டோ ஞெய்ன் வந்து நின்றார். அதுவரை அவர் என்னோடு வேலை தவிர எதுவும் பேசியதில்லை. மெலிந்த உடம்பு, எப்போதும் வெள்ளைச் சட்டை, கையில் பென்சில் டப்பா.

“ஸெயாமா, எங்க வீடு பபேடான்ல. சின்ன வயசுல எங்க கீழ்வீட்டுல ஒரு சூலியாக் குடும்பம் இருந்துச்சு.”

பபேடான் இந்தியர்கள் நெருங்கி வாழ்கிற பேட்டை. தமிழ் முஸ்லிம்களை இங்கே சூலியா என்பார்கள். நான் தலையை மட்டும் ஆட்டினேன்.

“அவங்க வீட்டுக் குழாயிலதான் நாங்க தண்ணி புடிப்போம். அதனால அவங்க பாஷையில ஒரே ஒரு வார்த்தை எனக்குத் தெரியும்.” பிறகு தமிழிலேயே, “தண்ணி” என்றார்.

பஸ் வந்தது. அவர் ஏறிப் போய்விட்டார். நான் அடுத்த பஸ்ஸையும் அதற்கடுத்த பஸ்ஸையும் விட்டுவிட்டு அங்கேயே நின்றேன். ஏதாவது கேட்டிருந்தால்கூட நிம்மதியாக இருந்திருக்கும். ஒன்றும் கேட்காமல் போனதுதான் பயமாக இருந்தது.

வீட்டில் கணவரிடம் சொல்லவில்லை. தெரியாத விஷயத்தை யாரும் அவரிடமிருந்து வாங்க முடியாது என்று நினைத்தேன். ஆபீசில் டைப் அடிக்கும்போது ஒரே வரியை இரண்டு தடவை அடித்தேன். படி ஏறிவருகிற ஒவ்வொரு காலடிக்கும் விரல் நின்றுவிடும்.

5. இரண்டாவது தடவை

நாலாம் நாள் ஆள் வந்தது. மூன்றாவது படத்தை மட்டும் தலைவர் திரும்பப் பார்க்க வேண்டுமாம்.

இந்தத் தடவை அறையில் தலைவர், டோ ஞெய்ன், நான், ஆபரேட்டர் மட்டும். பதினான்காம் நிமிஷத்துக்கே நேராக ஓட்டச் சொன்னார். அந்தக் கை வந்தது. குரல் முடிந்ததும் நிறுத்தச் சொன்னார்.

“கீழ போறவங்க கால்ல பாருங்க. லுங்கி. பிலிப்பைன்ஸ்ல லுங்கி கட்டுவாங்களா?”

ப்ரிவ்யூவுக்கு முன்னால் லிண்டா தன் நாட்டுத் துணிமணிகளைப் பற்றி ஏதோ சொல்லியிருந்தாள். அது நல்ல வேளையாக ஞாபகம் வந்தது. “அங்க தெற்குப் பக்கத்து முஸ்லிம்கள் இதே மாதிரி வட்டத் துணி கட்டுவாங்க, ஸெயா. மலோங்னு பேரு.” அது நிஜம்தான்.

“பேச்சு இந்தியாக்காரங்க பேச்சு மாதிரி காதுல விழுது. உங்க பாஷையா, ஸெயாமா?”

அவர் திரையைப் பார்க்கவில்லை. லைட்டுக்கு அடியில் இருக்கிற என் முகத்தைப் பார்த்தார்.

“இல்ல, ஸெயா. என் பாஷைன்னா எனக்குத் தெரியாதா?”

அவர் ஓரத்துக்குத் திரும்பினார். “டோ ஞெய்ன், நீங்க பபேடான்காரங்க. தெருவுல தினம் காதுல விழும். இது அந்தப் பாஷையா?”

ஒன்று டோ ஞெய்ன் உண்மையைச் சொல்வார், அதோடு நான் முடிந்தேன். அல்லது பொய் சொல்வார், பிறகு நாங்கள் இருவருமே முடிந்தோம். மூன்றாவதாக ஒன்று எனக்குத் தோன்றவில்லை.

டோ ஞெய்ன் பென்சிலைக் கீழே வைத்தார். “இன்னொரு தடவை போடச் சொல்லுங்க, ஸெயா” என்றார்.

குரல் மறுபடி ஓடியது. ‘அங்கன தண்ணி இல்ல’ என்ற இடம் வந்தது. ‘ஆத்தா சாகலன்னு சொல்லுங்க’ வந்தது. டோ ஞெய்ன் கண்ணை மூடி, கடைசி வரை கேட்டார்.

“இல்ல, ஸெயா. இது வேற.”

பென்சிலை எடுத்து ஏதோ எழுதினார். தலைவர் எழுந்து சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டார். “மூணுல எதுவும் வேணாம். கலாசாரத்துக்குப் பொருந்தாதுன்னு போட்டுடுங்க” என்று சொல்லிவிட்டுப் போனார்.

ரிப்போர்ட்டின் கார்பன் காப்பி ஒன்று எனக்கும் வந்தது. மூன்றாவது படத்துக்கு எதிரில், ‘பேச்சு: பிலிப்பைன் மொழிகள்’ என்று டோ ஞெய்னின் உருண்டைக் கையெழுத்தில் இருந்தது. அவரும் நானும் அதைப் பற்றிப் பிற்பாடு ஒரு வார்த்தையும் பேசவில்லை. இரண்டு வருஷம் கழித்து அவர் ரிடையர் ஆனார். அன்றைக்கு எல்லோரோடும் சேர்ந்து நானும் கை கூப்பினேன். அவ்வளவுதான் செய்ய முடிந்தது.

6. அழகான குரல்

லிண்டாவிடம் மட்டும் சொன்னேன். கிளப்பின் பின்பக்கத் தோட்டத்தில், பேச்சு யார் காதிலும் விழாதபடி குழாயைத் திறந்துவிட்டுக்கொண்டு சொன்னேன். அவள் முகம் வெளுத்துவிட்டது.

“எடுத்தவன் என் சிநேகிதன்தான். ஊர் பேரு எதுவும் போடலன்னு சொன்னான். எல்லாக் கையும் ஒண்ணுதான்னு காட்டணுமாம்.”

“அந்தம்மா என்ன பேசினாங்கன்னு அவருக்குத் தெரியுமா?”

“தெரியாது. அர்த்தம் புரியலன்னாலும் குரல் அழகா இருக்குன்னு வச்சுக்கிட்டான்.”

எனக்குக் கோபம் வந்தது. தன் பெயர், இருக்கிற இடம், மகள் பெயர் எல்லாவற்றையும் ஒருத்தி சொல்லியிருக்கிறாள். அது அவருக்குச் சங்கீதமாகக் கேட்டிருக்கிறது. ஆனால் கோபப்பட எனக்கு என்ன யோக்கியதை? அர்த்தம் புரியாமல் அவர் அதை விட்டுவிட்டார். நான் புரிந்துகொண்டே விட்டேன்.

ரீலை லிண்டா அந்த வாரமே திருப்பி அனுப்பிவிட்டாள்.

7. விறகுக்கடைச் சந்து

என் வீட்டிலிருந்து அந்தச் சந்துக்கு நடந்தால் கால் மணி நேரம். நான் போகவில்லை. யாராவது என்னைக் கவனித்துக்கொண்டிருந்தால், நானே போய் அந்தம்மாவைக் காட்டிக்கொடுத்தது போல ஆகிவிடும் என்று காரணம் சொல்லிக்கொண்டேன். காரணம் நியாயமானதுதான். இருந்தாலும் மார்க்கெட்டுக்குப் போகிற வழக்கத்தையே நிறுத்திவிட்டு, தூரத்துக் கடையில் காய் வாங்கினேன். அதற்கு எந்த நியாயமும் கிடையாது.

இருபத்தொரு நாள் கழித்து, ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில், கூடையை எடுத்துக்கொண்டு போனேன். மஞ்சள் சுவர் இருந்தது. சாக்கடை மூடி இருந்தது. ஆள் இல்லை.

விறகுக்கடைக்காரர் ஒரு பர்மியப் பெரியவர். அவரிடம் விறகு விலை விசாரிக்கிற மாதிரி, இந்தியர்களைச் சொல்கிற பர்மிய வார்த்தையிலேயே கேட்டேன். “இங்க ஒரு கலாக் கிழவி இருக்குமே?”

“கீரைக்காரியா? போன வாரத்துக்கு முந்தின வாரம் லாரி வந்துச்சு. யாரோ பெரிய மனுஷங்க வர்றாங்களாம், தெருவுல கெடக்குறவங்கள எல்லாம் ஏத்திட்டுப் போயிட்டாங்க.”

“எங்க?”

அவர் என்னை மேலும் கீழும் பார்த்தார். “எத்தனை கட்டு விறகு வேணும்?” என்றார்.

இரண்டு கட்டு வாங்கிக்கொண்டு வந்தேன். எங்கள் வீட்டில் விறகு அடுப்பே இல்லை.

8. கியாக்தான்

மறு வாரம், ஆற்றுப் பாலம் தாண்டிப் போகிற கியாக்தான் ஊருக்குப் பஸ் ஏறினேன். அங்கே ஆற்றுக்கு நடுவில் இருக்கிற புத்தர் கோயிலுக்குக் கும்பிடப் போகிறேன் என்று யாராவது கேட்டால் சொல்வதற்காக ஒரு கொத்துப் பூவும் வாங்கிக்கொண்டேன். பாலத்துச் சோதனைச் சாவடியில் ஏறின ஆள் என் அட்டையை வாங்கிப் பார்த்துவிட்டு, பூவைப் பார்த்துவிட்டு, ஒன்றும் சொல்லாமல் திருப்பிக் கொடுத்தார்.

அரிசி மில் ஒன்றுதான் இருந்தது. மில்காரர் வீட்டுப் பின்கட்டில் முப்பது வயசுப் பெண் ஒருத்தி மீன் கழுவிக்கொண்டிருந்தாள். பர்மியப் பெண்கள் மாதிரி முகத்தில் தனக்கா மரப்பட்டையை அரைத்துப் பூசியிருந்தாள்.

“மீனாட்சியா?” என்று தமிழில் கேட்டேன்.

கத்தியைக் கீழே வைத்தாள். அந்தப் பெயரைச் சொல்லி அவளைக் கூப்பிட்டு வெகுநாள் ஆகியிருக்கும் போல. “இங்க மா எய்ன்னுதான் கூப்புடுவாங்க. நீங்க யாரு, அக்கா?” என்று பர்மியத்தில் கேட்டாள்.

யார் என்று நான் அப்போது சொல்லவில்லை. நாகம்மா பேசியதை அப்படியே சொன்னேன். மூன்று தடவை கேட்டதால் ஒரு வார்த்தை பிசகாமல் வந்தது. அவள் கேட்டுக்கொண்டே கீழே உட்கார்ந்துவிட்டாள்.

“எனக்குத் தமிழ் கேட்டாப் புரியும். ஆனா ஏதாவது தப்பாப் புரிஞ்சுக்கிட்டேனோன்னு பயமா இருக்கு. பர்மாப் பேச்சுல ஒரு தடவ சொல்லுங்க, அக்கா.”

பர்மியத்தில் சொன்னேன். கமிட்டி அறையில் சொல்லியிருக்க வேண்டிய அதே வாக்கியங்கள். மீன் தொட்டிக்குப் பக்கத்தில், மெல்லிய குரலில், ஒவ்வொன்றாகச் சொன்னேன். வீட்டை இடித்த வருஷம் போய்ப் பார்த்துவிட்டு, அம்மா செத்துவிட்டாள் என்று பக்கத்து வீட்டார் சொன்னதை நம்பி, இவள் பிக்குகளுக்குச் சோறு கொடுத்துக் காரியமே செய்துவிட்டாளாம்.

“குரல் எப்படி இருந்துச்சு?” என்று கேட்டாள்.

“தெம்பா இருந்துச்சு” என்றேன். அதோடு லாரி வந்ததையும் சொன்னேன். அந்தக் குரலைப் படத்தில் கேட்டதையும், இருபத்தொரு நாள் தாமதித்ததையும், கடைசியில் என் வீட்டு அடையாளத்தையும் சொன்னேன். அவள் என்னைத் திட்டவில்லை. ஈரக் கையைத் துடைத்துக்கொண்டு, மில்கார அம்மாவிடம் லீவு கேட்க உள்ளே போனாள்.

9. நாகம்மா

மீனாட்சி ஏழு வாரம் அலைந்தாள். ஊருக்கு வெளியே தகரக் கொட்டகை ஒன்றில் அம்மாவைக் கண்டுபிடித்தாள். வயிற்றுப்போக்கு வந்து எலும்பும் தோலுமாக இருந்தாராம். பொறுப்பு ஏற்றுக்கொள்ள ஆள் வந்தால் விட்டுவிடுகிற இடம் அது. அதற்கு முன்னால் ஆள் யாரும் வராததுதான் குறை. நான் முன்பே கியாக்தானுக்குப் போய் மீனாட்சியிடம் ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் அவர் அந்தக் கொட்டகைக்கே போயிருக்க மாட்டார்.

மழைக்காலம் முடிந்த பிறகு இரண்டு பேரும் என் வீட்டுக்கு வந்தார்கள். நாகம்மா குள்ளம். நாற்காலியில் உட்காராமல் தரையில் உட்கார்ந்தார். ஒரு கண்ணில் புரை விழுந்திருந்தது.

“நீதான் படத்தப் பாத்த புள்ளையா?”

“ஆமாம்மா.”

“அதுல நான் எப்பிடி இருந்தேன்?”

மறைத்துப் பயனில்லை. “கை மட்டும்தான் தெரிஞ்சுச்சும்மா. நீட்டின கை.”

அவர் முகம் சுருங்கியது. “கையா? அந்தப் பய எம் மூஞ்சிக்கு நேரா டப்பாவ வச்சுக்கிட்டு நின்னானே. கீரைக் கட்டத் தள்ளி வைக்கச் சொன்னான். கைய நீட்டுன்னு சாடை காட்டுனான். ஏதோ கைரேகை பாக்குறான் போலன்னு நீட்டுனேன். பிச்சக்காரின்னா காட்டிட்டான்?”

“ஆமாம்மா.”

“நான் ஒரு நாளும் கை ஏந்துனது கெடையாது. நடக்க முடியுற மட்டும் கீரை வித்தேன். கெடந்தது தெருவுல. அதுக்காவ?”

மீனாட்சி அம்மாவின் தோளைத் தொட்டாள். நாகம்மா அதைக் கவனிக்காமல் என்னிடம் சொன்னார். “நீ இங்கிலீசு எழுதுவியாமே. அவனுக்கு எழுது. நாகம்மா கீரைக்காரின்னு எழுது. இன்னொருக்கா படம் புடிச்சா கீரையையும் சேத்துப் புடிக்கச் சொல்லு.”

அப்போதே எழுதினேன். அவர் சொன்னதற்கு மேல் ஒரு வார்த்தை சேர்க்கவில்லை, ஒரு வார்த்தை குறைக்கவில்லை. பிரித்துப் படிப்பார்கள் என்பதால் தபாலில் போட முடியாது. லிண்டா ஊருக்குப் போகும்போது துணிகளுக்கு நடுவே வைத்துக் கொண்டுபோனாள். பதில் வரவில்லை. அந்தப் படம் பிறகு வேறு நாடுகளில் ஓடியதா, ஓடினால் அந்தக் கை இன்னும் பிச்சைக்காரியின் கையாகத்தான் இருக்கிறதா என்று எனக்குத் தெரியாது.

மொழிபெயர்ப்பு வேலைக்கு வருகிற பிள்ளைகள், ஆபத்தான இடத்தில் என்ன செய்வது என்று என்னிடம் கேட்கிறார்கள். வாயை மூடிக்கொள்ள வேண்டிய அறைகள் இருக்கின்றன. அங்கே மூடிக்கொண்டதற்காக நான் வெட்கப்படவில்லை. இன்னொரு தடவை அதே நாற்காலியில் உட்கார்ந்தாலும் அந்தப் பொய்யைத்தான் சொல்வேன். ஆனால் அறையை விட்டு வெளியே வந்த பிறகும் அதே பயத்தைக் கையோடு கூட்டிக்கொண்டு வீடு வரைக்கும் வந்தேன் பாருங்கள், அதுதான் தப்பு. கேட்ட பேச்சு யாருக்கானதோ அவரிடம் அது போய்ச் சேருகிற வரைக்கும் நம் வேலை முடியவில்லை. இதை நான் கற்றுக்கொள்ள இருபத்தொரு நாள் பிடித்தது. அந்தத் தாமதத்தின் பலனை வயதான ஒரு அம்மா தகரக் கொட்டகையில் அனுபவித்தார்.